ஆட்ரி ஹெப்பர்னின் விருதுகளை எப்படி எண்ணுவது?

கேள்வி இது: "ஆட்ரி ஹெப்பர்ன் ஆஸ்கர், எம்மி, கிராமி, டோனி நான்கையும் வென்றவர் என்று படித்தேன். அவருக்கு ஆஸ்கர் ஒன்றுதான் என்று சிலரும் இரண்டு என்று சிலரும் சொல்கிறார்கள். எது சரி? ஐ.நா.வின் குழந்தைகள் அமைப்பான யுனிசெஃப் வேலைக்காக அவருக்குக் கிடைத்தவை எவை?"

இரண்டு கணக்கும் சரிதான். நடிப்புக்காகப் போட்டியில் வென்ற ஆஸ்கர் ஒன்று, 'ரோமன் ஹாலிடே' படத்துக்கு. அது 1954 மார்ச்சில் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது 24. மனிதநேயப் பணிக்காக, ஆஸ்கரை வழங்கும் அதே அகாடமி கொடுத்த ஜீன் ஹெர்ஷோல்ட் விருது இன்னொன்று. அது 1993 மார்ச்சில் வந்தது. அவர் இறந்து இரண்டு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது. ஹெர்ஷோல்ட் விருதுக்கும் அதே பொற்சிலையைத்தான் தருவார்கள் என்பதால் இரண்டு என்று எண்ணுகிறவர்களைத் தவறு சொல்ல முடியாது.

ஆனால் எண்ணிக்கையோடு நிறுத்திக்கொண்டால் இந்தப் பட்டியலில் கவனிக்க வேண்டிய விஷயம் தப்பிப்போகும். ஆட்ரியின் விருதுகள் இரண்டு கொத்தாக வந்தவை. முதல் கொத்து 1952இல் தொடங்கி 1968இல் முடிகிறது. இரண்டாவது கொத்து 1990இல் தொடங்கி, அவர் இறந்த பிறகும் தொடர்கிறது. நடுவில் இருபது ஆண்டுக்கு மேல் பெரிய விருதென்று ஒன்றுமே இல்லை. அவரை இன்று உலகம் இவ்வளவு மதிப்பதற்கான காரணத்தில் பாதி, யாரும் விருது கொடுக்காத அந்தக் காலத்தில்தான் இருக்கிறது. அதனால் பட்டியலை வரிசையாகவே சொல்கிறேன்.

1951இல் நியூயார்க்கின் நாடக அரங்குப் பகுதியான பிராட்வேயில் 'ஜிஜி' நாடகத்தில் நடித்தபோது ஆட்ரி கிட்டத்தட்டப் புதுமுகம். அந்த நடிப்புக்குத் தியேட்டர் வேர்ல்ட் விருது கிடைத்தது. நாடக மேடையில் புதிதாகக் காலெடுத்து வைப்பவர்களுக்குக் கொடுப்பது அது. அடுத்து வில்லியம் வைலர் இயக்கத்தில் 'ரோமன் ஹாலிடே'. அதில் கிரிகரி பெக் பெரிய நட்சத்திரம். ஒப்பந்தப்படி படத்தின் தலைப்புக்கு மேலே அவர் பெயர் மட்டும்தான் வர வேண்டும். படப்பிடிப்பின்போது ஆட்ரியின் நடிப்பைப் பார்த்த பெக், இந்தப் பெண் ஆஸ்கர் வாங்கப்போகிறாள், இவள் பெயரையும் என் பெயருக்குச் சமமாகப் போடுங்கள் என்று தானே கேட்டு வாங்கிக் கொடுத்தார். பெக்கை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பட்டியலின் மறுமுனையிலும் அவர் வருவார்.

1954 மார்ச் 25. ஆஸ்கர் விழா அப்போது லாஸ் ஏஞ்சலிஸிலும் நியூயார்க்கிலும் ஒரே நேரத்தில் நடந்தது. ஆட்ரி நியூயார்க்கில் 'ஒண்டீன்' நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்தார். அன்றைய காட்சியை முடித்துவிட்டு விழா அரங்குக்கு ஓடிவந்தார். அங்கே சிலையை அவர் கையில் கொடுத்தவர், அகாடமியின் முன்னாள் தலைவர் ஜீன் ஹெர்ஷோல்ட். டென்மார்க்கில் பிறந்து ஹாலிவுட்டுக்கு வந்த நடிகர் அவர். நொடித்துப்போன திரைப்படத் தொழிலாளர்களுக்கு உதவும் நிவாரண நிதியைப் பல ஆண்டுகள் நடத்தியவர். 1956இல் அவர் இறந்ததும் அவர் பெயரிலேயே அகாடமி மனிதநேய விருதை ஏற்படுத்தியது. 39 ஆண்டு கழித்து ஆட்ரிக்குக் கிடைத்தது அந்த விருதுதான்.

ஆஸ்கர் வாங்கி மூன்றே நாளில் 'ஒண்டீன்' நாடகத்துக்காகச் சிறந்த நடிகைக்கான டோனி. ஒரே ஆண்டில் சிறந்த நடிகைக்கான ஆஸ்கரும் டோனியும் பெறுவது மிக அரிது. அதற்கு முந்தைய ஆண்டு ஷர்லி பூத் அதைச் செய்திருந்தார், அவருக்கு அடுத்து ஆட்ரி. 'ரோமன் ஹாலிடே'க்காக கோல்டன் குளோப், பிரிட்டனின் திரை விருதான பாஃப்டா, நியூயார்க் திரை விமர்சகர்கள் விருது ஆகியவையும் சேர்ந்துகொண்டன. அமெரிக்கப் படங்களில் கதாநாயகியாக நடிக்கத் தொடங்கிய முதல் படத்துக்கே இத்தனை என்பதை இன்று யோசித்தாலும் மலைப்பாக இருக்கிறது.

பிறகு இன்னும் நான்கு முறை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார், நான்கு முறையும் கிடைக்கவில்லை. 'சப்ரினா'வுக்குப் போட்டியிட்ட ஆண்டு கிரேஸ் கெல்லி வாங்கினார். 'தி நன்ஸ் ஸ்டோரி'யின் ஆண்டு சிமோன் சின்யோரே, 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ்' ஆண்டு சோஃபியா லோரன். கண்பார்வை இழந்த பெண்ணாக அவர் நடித்த 'வெய்ட் அன்டில் டார்க்' போட்டியிட்டபோது வென்றவர் கேதரின் ஹெப்பர்ன். இந்த இருவரும் உறவினர் அல்லர். பெயர் ஒன்றாக இருப்பதால் கேதரினின் நான்கு ஆஸ்கரில் ஒன்றிரண்டை ஆட்ரியின் கணக்கில் சேர்த்துவிடும் குழப்பம் அடிக்கடி நடக்கிறது. நீங்கள் பார்த்த கணக்கிலும் அப்படி இருந்தால் கழித்துவிடுங்கள்.

என்னைக் கேட்டால், அந்த நான்கில் அவருக்குக் கிடைத்தே தீர்ந்திருக்க வேண்டியது 1959இல் வந்த 'தி நன்ஸ் ஸ்டோரி'க்கு. பெல்ஜியத்திலிருந்து காங்கோவுக்கு மருத்துவப் பணிக்குப் போகும் கன்னியாஸ்திரி வேடம். முகம் மட்டும்தான் தெரியும். கூந்தல் இல்லை, உடையலங்காரம் இல்லை, ஆட்ரி என்றதும் நினைவுக்கு வருகிற எதுவும் இல்லை. கீழ்ப்படிதலுக்கும் மனசாட்சிக்கும் நடுவே ஒரு பெண் தேய்வதைக் கண்களாலேயே காட்டுகிறார். படம் எட்டுப் பிரிவுகளில் ஆஸ்கருக்குப் போய் வெறுங்கையோடு திரும்பியது. அது 'பென்ஹர்' அள்ளிக்கொண்டு போன ஆண்டு. ஆனால் பாஃப்டாவும் நியூயார்க் விமர்சகர்களும் இந்த நடிப்பைத் தவறவிடவில்லை. இரு விருதும் இரண்டாம் முறையாக அவரிடம் வந்தன. ஸ்பெயினின் சான் செபாஸ்டியன் திரைவிழாவிலும் சிறந்த நடிகை அவர்தான். மூன்றாவது பாஃப்டா 'ஷராட்' படத்துக்கு. பாஃப்டாவில் அப்போது சிறந்த பிரிட்டிஷ் நடிகைக்குத் தனிப் பிரிவு இருந்தது. பிறந்தது பிரஸ்ஸல்ஸ், தாய் டச்சுக்காரர் என்றாலும் தந்தை வழியில் பிரிட்டிஷ் குடியுரிமை இருந்ததால் ஆட்ரி அதில் இடம்பெற்றார்.

கிடைக்காத ஒன்றையும் சொல்ல வேண்டும். 1964இன் 'மை ஃபேர் லேடி' 12 பரிந்துரை பெற்று 8 ஆஸ்கர் வாங்கியது. ஆட்ரிக்குப் பரிந்துரைகூட இல்லை. பாடல்களில் பெரும்பாலும் ஒலித்தது மார்னி நிக்ஸனின் குரல் என்பது ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. மேடையில் அந்த வேடத்தை நடித்துப் புகழ்பெற்ற ஜூலி ஆண்ட்ரூஸைப் படத்தில் ஒதுக்கிவிட்டார்கள் என்ற கோபமும் இருந்தது. அந்த ஆண்டின் சிறந்த நடிகை விருது, 'மேரி பாப்பின்ஸ்' படத்துக்காக அதே ஜூலிக்குப் போனது. அந்த விழாவில் ஆட்ரி என்ன செய்தார் தெரியுமா? நோயுற்றிருந்த பெட்ரிஷியா நீலுக்குப் பதிலாக மேடையேறி, தன் படத்தின் நாயகன் ரெக்ஸ் ஹாரிசனுக்குச் சிறந்த நடிகர் ஆஸ்கரைக் கொடுத்தார். முகத்தில் அவ்வளவு சந்தோஷம். விருதுகளை அவர் எப்படி எடுத்துக்கொண்டார் என்பதற்கு அந்த ஒரு காட்சி போதும் எனக்கு.

1968இல் பிராட்வே ஒரு சிறப்பு டோனி கொடுத்தது. அதோடு முதல் கொத்து முடிந்தது. 1967க்குப் பிறகு அவர் நடிப்பைக் கிட்டத்தட்ட விட்டுவிட்டார். மூத்த மகன் ஷான் 1960இல் பிறந்தவர், இளையவர் லூக்கா 1970இல். பிள்ளைகளை வளர்க்க வேண்டும் என்று ரோமிலும் சுவிட்சர்லாந்திலும் இருந்துவிட்டார். எப்போதாவது ஒரு படம். உச்சத்தில் இருந்த நடிகை, தானே இப்படி ஒதுங்கிக்கொள்வது அன்றும் வழக்கமில்லை, இன்றும் இல்லை.

யுனிசெஃப் கதை 1987 அக்டோபரில், சீனக் கடற்கரையில் உள்ள மக்காவ் நகரில் தொடங்குகிறது. யுனிசெஃபுக்கு நிதி திரட்ட அங்கே நடந்த ஓர் இசை நிகழ்ச்சியில் பேச உறவினர் ஒருவர் அழைத்தார். போய்ச் சில நிமிடம் பேசினார். அந்தப் பேச்சைக் கேட்ட யுனிசெஃப் அவரை விடவில்லை. 1988இல் நல்லெண்ணத் தூதராக நியமித்தது. சம்பளம் ஆண்டுக்கு ஒரு டாலர் என்று பெயருக்கு வைத்தார்கள்.

இங்கே ஒரு தவறான தகவலைத் திருத்த வேண்டும். சிறுமியாக இருந்தபோது யுனிசெஃப்தான் ஆட்ரியைப் பட்டினியிலிருந்து காப்பாற்றியது என்று பல இடங்களில் எழுதுகிறார்கள். யுனிசெஃப் உருவானது 1946 டிசம்பரில். ஆட்ரி பட்டினி கிடந்தது 1944-45 குளிர்காலத்தில், ஜெர்மானிய ஆக்கிரமிப்பில் இருந்த நெதர்லாந்தில். நாடு முழுதும் பல்லாயிரம் பேர் உணவின்றி மடிந்த குளிர்காலம் அது. டியூலிப் கிழங்கைத் தின்று உயிர்பிழைத்தவர்கள் உண்டு. ஆட்ரி ஊட்டக்குறைவால் இரத்தச்சோகைக்கு ஆளானார். அதற்கு முன்பே, 1942இல், அவருடைய பெரியம்மாவின் கணவரை நாஜிகள் சுட்டுக் கொன்றிருந்தார்கள். விடுதலைக்குப் பிறகு உணவும் மருந்தும் கொண்டுவந்தவை செஞ்சிலுவைச் சங்கமும், ஐ.நா. நிவாரண மறுவாழ்வு அமைப்பும். அந்த நிவாரண அமைப்பு மூடப்பட்டபோது அதன் குழந்தைகள் பணியைத் தொடரத்தான் யுனிசெஃப் பிறந்தது. எனவே தன்னைக் காப்பாற்றியது யுனிசெஃப் என்று ஆட்ரி உணர்ந்ததில் நியாயம் இருக்கிறது. நாம் எழுதும்போது மட்டும் ஆண்டைச் சரியாக எழுதுவோம்.

நல்லெண்ணத் தூதருக்கு அதிகாரம் கிடையாது, செலவழிக்க நிதியும் கிடையாது. கையில் இருப்பது புகழ் ஒன்றுதான். அவர் போகும் இடத்துக்குக் கேமராக்கள் வரும். திரும்பி வந்ததும் அமைச்சர்களும் பத்திரிகையாளர்களும் சந்திக்க நேரம் ஒதுக்குவார்கள். 1954இல் இந்த வகைத் தூதராக முதன்முதலில் யுனிசெஃபுடன் சேர்ந்தவர் நகைச்சுவை நடிகர் டேனி கே. ஆட்ரி அதே 1954இல் வாங்கிய ஆஸ்கரின் வெளிச்சத்தை 34 ஆண்டு கழித்து இந்த வேலைக்குத் திருப்பினார். அந்தச் சிலைக்கு அதைவிட நல்ல பயன் இருந்திருக்க முடியாது என்று உறுதியாக நம்புகிறேன்.

முதல் பயணம் 1988 மார்ச்சில் எத்தியோப்பியாவுக்கு. உள்நாட்டுப் போரும் பஞ்சமும் ஒன்றாக வாட்டிய காலம். மெக்கெலேயில் பட்டினியில் வாடிய 500 குழந்தைகள் இருந்த அநாதை இல்லத்துக்குப் போனார். திரும்பியதும் ஓய்வெடுக்கவில்லை, அமெரிக்கா, கனடா, ஐரோப்பா என்று பேட்டிமேல் பேட்டி கொடுத்தார். அதே ஆண்டு துருக்கியில் தடுப்பூசி இயக்கம்; ராணுவம் லாரிகளைக் கொடுத்தது, மீன் வியாபாரிகள் தடுப்பு மருந்தைக் குளிர் குறையாமல் கொண்டுபோகத் தங்கள் வண்டிகளைக் கொடுத்தார்கள் என்று எல்லா இடத்திலும் பெருமையாகச் சொல்வார். வெனிசுவேலா, எக்குவடோர், பிறகு 1989இல் ஹோண்டுராஸ், எல் சால்வடோர், குவாத்தமாலா. அதே ஆண்டு சூடான். இரு தரப்பும் சண்டையிட்டுக்கொண்டிருக்கும்போதே நடுவே உணவு கொண்டுசெல்ல ஐ.நா. ஏற்படுத்திய வழியைப் பார்க்கப் போனார். அமெரிக்க நாடாளுமன்றத்தில் பசிக் கொடுமையை ஆராய்ந்த குழுவின் முன்னால் சாட்சியமும் அளித்தார். மூன்றாம் உலகம் என்ற சொல் தனக்குப் பிடிக்காது, இருப்பது ஓர் உலகம்தான் என்பது அவர் அடிக்கடி சொன்ன கருத்து.

1989 அக்டோபரில் வங்கதேசம் போனபோது உடன் சென்ற ஐ.நா. புகைப்படக்காரர் ஜான் ஐசக், தமிழ்நாட்டில் பிறந்தவர், பின்னாளில் ஐ.நா. புகைப்படப் பிரிவுக்கே தலைவரானார். முகமெல்லாம் ஈ மொய்க்கும் குழந்தைகளைத் தொட மற்றவர்களுக்கு ஒரு தயக்கம் இருக்கும், ஆட்ரியோ யோசிக்காமல் வாரி அணைத்துக்கொள்வார், அப்படி யாரையும் தான் பார்த்ததில்லை என்று ஐசக் பதிவுசெய்திருக்கிறார். போர்களையும் பஞ்சங்களையும் படமெடுத்தே வாழ்ந்த ஒருவர் சொல்வது இது. அதனால் எந்த விருதுப் பத்திரத்தின் வாசகத்தையும்விட இதை நான் பெரிதாக மதிக்கிறேன்.

1990இல் வியட்நாம். கடைசிப் பயணம் 1992 செப்டம்பரில் சோமாலியா. எத்தியோப்பியாவைப் பார்த்தவரே இதற்குத் தயாராக இல்லை. கொடுங்கனவுக்குள் நடந்து போனேன் என்ற பொருளில் சொன்னார். திரும்பும் வழியிலேயே செய்தியாளர்களைச் சந்தித்துச் சோமாலியாவைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டார். அடுத்த சில வாரங்களில் வயிற்று வலி. நவம்பரில் லாஸ் ஏஞ்சலிஸில் அறுவை சிகிச்சை செய்தபோது குடல்வாலில் தோன்றிய புற்றுநோய் பரவிவிட்டது தெரிந்தது.

இனி இரண்டாவது கொத்து. 1990 ஜனவரியில் வாழ்நாள் சாதனைக்காக கோல்டன் குளோப்பின் செசில் பி. டிமில் விருது. 1991இல் நியூயார்க்கின் லிங்கன் சென்டர் திரைப்படச் சங்கம் பாராட்டு விழா நடத்தியது. 1992இல் பாஃப்டாவின் சிறப்பு விருது. அதே ஆண்டு டிசம்பரில் அதிபர் ஜார்ஜ் புஷ், அமெரிக்காவின் உயரிய குடிமக்கள் விருதான அதிபரின் சுதந்திரப் பதக்கத்தை வழங்கினார். இவற்றில் கடைசியாகச் சொன்னதில்தான் யுனிசெஃப் பணிக்கு நேரடியான பெரிய அங்கீகாரம் இருந்தது; அது வந்தபோது அவர் மரணப்படுக்கையில் இருந்தார். திரைநடிகர் சங்கத்தின் வாழ்நாள் சாதனை விருதை 1993 ஜனவரியில் அவருக்காக ஜூலியா ராபர்ட்ஸ் பெற்றுக்கொண்டார். ஜனவரி 20 அன்று சுவிட்சர்லாந்தின் டோலோஷனாஸ் கிராமத்தில் தன் வீட்டில் ஆட்ரி காலமானார். வயது 63.

மார்ச் 29 ஆஸ்கர் விழாவில் ஹெர்ஷோல்ட் விருதை அறிவித்தவர் கிரிகரி பெக். ஆட்ரிக்காகப் பெற்றுக்கொண்டவர் மகன் ஷான். பெக் 1968 விழாவில் அதே விருதைப் பெற்றிருந்தார் என்பதால் அவரை அழைத்தது இன்னும் பொருத்தம். அதே இரவில் இன்னொரு ஹெர்ஷோல்ட் விருது எலிசபெத் டெய்லருக்கும் கிடைத்தது, எய்ட்ஸ் நோயாளிகளுக்காக அவர் செய்த பணிக்கு.

நான்கு விருதுக் கணக்குக்கு வருவோம். ஆஸ்கரும் டோனியும் 1954இலேயே வந்துவிட்டன. உலகின் தோட்டங்களைப் பற்றி 1990இல் அவர் தொகுத்து வழங்கிய தொலைக்காட்சித் தொடர், அவர் இறந்த மறுநாள், 1993 ஜனவரி 21 அன்றுதான் அமெரிக்காவில் ஒளிபரப்பாகத் தொடங்கியது, அதற்கு எம்மி. குழந்தைகளுக்கான கதைகளை அவர் வாசித்த ஒலித்தொகுப்புக்கு 1994இல் கிராமி. அப்படி நான்கையும் பெற்ற ஐந்தாவது நபர் ஆனார். இந்தச் சாதனையைத்தான் எல்லோரும் முதலில் சொல்கிறார்கள். எனக்கோ அவர் பட்டியலில் இதுதான் மிகச் சிறியது. எம்மியும் கிராமியும் அவர் கண்ணால் காணாதவை; அவை இரண்டும் இல்லாவிட்டாலும் அவர் உயரத்தில் அணுவளவும் குறையாது.

இறந்த பிறகு வந்த சிறப்புகள் இன்னும் நிறைய. 1999இல் அமெரிக்கத் திரைப்படக் கழகம் பழைய ஹாலிவுட்டின் மகத்தான நடிகைகளில் மூன்றாம் இடம் கொடுத்தது. 2002இல் யுனிசெஃபின் நியூயார்க் தலைமையகத்தில் அவர் நினைவாக ஒரு சிலை திறந்தார்கள். 2003இல் அமெரிக்க அஞ்சல்துறை தபால்தலை வெளியிட்டது.

ஜெர்மனி 2001இல் வெளியிட இருந்த தபால்தலையின் கதையே தனி. 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ்' தோற்றத்தில், வாயில் சிகரெட் குழலோடு 1 கோடியே 40 லட்சம் தலைகளை அச்சடித்துவிட்டார்கள். குடும்பத்தின் அனுமதியை முன்கூட்டிப் பெறவில்லை. சிகரெட்டோடு அம்மாவின் படம் வேண்டாம் என்று ஷான் மறுத்ததும் அத்தனையையும் அழிக்க வேண்டியதாயிற்று. ஆனால் சில தாள்கள் தப்பிவிட்டன. பத்துத் தலைகள் கொண்ட முழுத் தாள் ஒன்று 2010இல் பெர்லினில் ஏலத்துக்கு வந்து 4,30,000 யூரோவுக்குப் போனது. அந்தப் பணத்தில் மூன்றில் இரண்டு பங்கு ஆட்ரி பெயரில் அவர் குடும்பம் நடத்தும் குழந்தைகள் நிதிக்கும், மீதி யுனிசெஃபின் ஜெர்மனி கிளைக்கும் கொடுக்கப்பட்டது.